கொரியப் பிரிவினை இலக்கியம்

1945இல் 38ஆம் அகலக்கோட்டை ஒட்டிக் கொரியா இரண்டானது. அந்தப் பிரிவையும், 1950–53 போரையும், மீண்டும் ஒன்றுசேரும் ஏக்கத்தையும் பேசும் எழுத்துகளைத் தென்கொரியாவில் ஒரு தனி வகையாகவே கருதுகின்றனர்.

இவற்றில் முதன்மையானது சோய் இன்-ஹூனின் ‘சதுக்கம்’ (1960) நாவல். நாயகன் லீ மியோங்-ஜுன் தெற்கிலும் வாழ்கிறான், வடக்கிலும் வாழ்கிறான். இரண்டிலும் மனம் ஒட்டவில்லை. போர்க்கைதியாகி, நடுநிலை நாடொன்றைத் தேர்ந்து கப்பலேறும் அவன் வழியிலேயே மறைந்துபோகிறான். இந்தத் தேர்வு வெறும் கற்பனையல்ல. இரு கொரியாக்களையும் மறுத்த கைதிகள் சிலர் 1954இல் இந்தியாவுக்கே வந்து சேர்ந்தனர். ஒரு நாவலில் இரு அரசுகளையும் ஒரே தராசில் நிறுத்த அன்று பெருந்துணிச்சல் வேண்டியிருந்தது.

ஜோ ஜோங்-ரேயின் ‘தேபேக் மலைத்தொடர்’ நாவல் பத்துத் தொகுதிகள் கொண்டது. இடதுசாரிக் கெரில்லாக்களை மனிதர்களாகக் காட்டியதால் தேசப் பாதுகாப்புச் சட்டப் புகாருக்கு உள்ளானது.

எழுத்தாளர் ஹ்வாங் சோக்-யோங் 1989இல் தடையை மீறி வடகொரியா சென்றார். பின்னர் சிறையிலடைக்கப்பட்டு 1998இல் விடுதலையானார். அவரது ‘விருந்தாளி’ (2001) போரின்போது வடகொரியாவில் நடந்த சின்சோன் படுகொலையைப் பற்றியது. கொன்றவர்களும் கொல்லப்பட்டவர்களும் ஆவிகளாக வந்து தத்தம் கதையைச் சொல்கின்றனர். பேயோட்டும் சடங்கின் பன்னிரண்டு கட்டங்களே நாவலின் அமைப்பு.