சுவரொட்டியும் கதையும்

திருவனந்தபுரத்துச் சாலைக் கடைத்தெரு, 18-ஆம் நூற்றாண்டின் இறுதியில் திவான் இராஜா கேசவதாசரால் அமைக்கப்பெற்றது. அங்கு வணிகத்தின் பொருட்டுக் குடியேறிய தமிழ்க் குடும்பத்தார் இரு மொழிகளையும் தம் மொழிகளாகவே பேணி வருகின்றனர். ஆயினும், தமிழகத்து உறவினர் இல்லம் செல்லுங்கால் ஒரு சொல் நம்மை நாணச் செய்வதுண்டு. ‘மலையாளப் படம்’ என்றாலே ஆபாசப் படம் என்று பொருள்கொண்டு நகைக்கும் வழக்கே அது. அவ்வழக்கு எவ்வாறு தோன்றிற்று?

1972-இல் வெளிவந்த அடூர் கோபாலகிருஷ்ணனின் ‘சுயம்வரம்’ நாட்டின் சிறந்த படத்திற்கான தேசிய விருதினைப் பெற்றது. மலையாளத் திரைக்கு அதுவே உரிய முகவரியாக இருந்திருக்கலாம். ஆனால் 1978-இல் ஐ. வி. சசியின் ‘அவளுடெ ராவுகள்’ வயது வந்தோர்க்கான சான்றிதழுடன் வெளிவந்தது. தம்பியை வளர்க்க உடலை விற்கும் ராஜி என்னும் பெண்ணின் துயரக் கதை அது, சீமா நடித்தார். கதை இரக்கத்தை வேண்டிற்று. சுவரொட்டியோ வேட்கையைத் தூண்டிற்று. படம் பெருவெற்றி பெறவே, பின்வந்தோர் பலர் கதையை விடுத்துச் சுவரொட்டியை மட்டும் பற்றிக்கொண்டனர். சில்க் ஸ்மிதா நடித்த ‘லயனம்’ (1989), ஷகிலா நடித்த ‘கின்னாரத்தும்பிகள்’ (2000) ஆகியன பிற மொழிகளிலும் மாற்றப்பெற்று எல்லை கடந்தன.

இஃது ஒரு நாட்டிற்கே உரிய கதையன்று. பிலிப்பைன்ஸ் நாட்டில் 1970-இல் ‘உஹாவ்’ முதலிய ‘பொம்பா’ படங்கள் பெருகின. 1972-இல் வந்த இராணுவச் சட்டம் அவற்றை அடக்கிற்று. எனினும் பின்னர் அவை வேறு பெயரில் மீண்டும் தலைதூக்கின. தடையினால் மட்டும் தணிவதன்று இவ்வேட்கை.

ஈண்டு எண்ணத்தக்கது ஒன்றுண்டு. சீமாவும் ஷகிலாவும் சென்னையில் வளர்ந்தவர்கள். ஆந்திரத்தில் பிறந்த ஸ்மிதாவுக்குப் புகழ் தந்தது ‘வண்டிச்சக்கரம்’ (1980) என்னும் தமிழ்ப் படம். அவர் 1996-இல், 35 வயதில், சென்னையிலேயே மறைந்தார். அப்படங்களைத் தமிழகத்திலும் திரளாகக் கண்டு களித்தனர். அவ்வாறிருக்க, பழியை மட்டும் மலையாளத்தின் மீதும் அப்பெண்களின் மீதும் சுமத்துதல் அறமாகுமோ?

விற்பவனைப் போலவே வாங்குபவனுக்கும் சரக்கில் பொறுப்புண்டு என்பதைச் சாலைத் தெரு வணிகர் நன்கறிவர். இனி உறவினர் அச்சொல்லைக் கூறி நகைப்பின், நம் பிள்ளைகள் நாணித் தலைகுனிய வேண்டா. இவ்வரலாற்றை அமைதியாக எடுத்துரைப்பாராக.