கே. ராம்நாத்

கே. ராம்நாத் (1912–1956) தமிழ், தெலுங்குப் படங்களின் ஒளிப்பதிவாளர், திரைக்கதையாசிரியர், இயக்குநர். திருவனந்தபுரத்தில் பூஜப்புரையில் பிறந்தார்.

கேமராவைத் தொடுவதற்கு முன்பே சினிமாவைப் பற்றி எழுதியவர். 1930களில் சென்னையிலிருந்து வெளிவந்த ‘சவுண்ட் அண்ட் ஷேடோ’ என்ற ஆங்கில இதழில் முத்துசாமி ஐயர் (பின்னாளில் இயக்குநர் முருகதாசா), கலை இயக்குநர் ஏ.கே. சேகர் ஆகியோருடன் இயங்கினார். பிரபாத் நிறுவனத்தின் ‘சீதா கல்யாணம்’ (1934) அவருக்கு ஒளிப்பதிவாளராக வழி திறந்தது. எஸ். ராஜமும் ராஜத்தின் சொந்தத் தங்கை ஜெயலட்சுமியும் ராமனும் சீதையுமாக நடித்த படம் அது.

எழுத்து, ஒளிப்பதிவு என்ற அவருடைய இரண்டு திறமைகளும் ஒன்றாகக் கலந்தது வாகினி பட நிறுவனத்தில்தான். பி.என். ரெட்டி இயக்கிய ‘வந்தே மாதரம்’ (1939) படத்துக்குத் திரைக்கதையிலும் ஒளிப்பதிவிலும் அவர் பங்கு உண்டு. ‘சுமங்கலி’ (1940), ‘தேவதா’ (1941) ஆகியவற்றிலும் இந்தக் கூட்டு தொடர்ந்தது. நாடக மேடையை அப்படியே படம் பிடிப்பதே வழக்கமாயிருந்த காலத்தில், காட்சியை எழுதியவரே அதற்கு ஒளியும் அமைத்தார். தென்னிந்திய சினிமா வசனத்தின் பிடியிலிருந்து மெல்ல விலகியதில் இதற்குப் பெரிய இடமுண்டு.

அடுத்து அவர் பணியாற்றியது எஸ்.எஸ். வாசனின் ஜெமினி பட நிறுவனத்தில். ‘சந்திரலேகா’வின் (1948) புகழ்பெற்ற முரசு நடனத்தை எடுத்தவர் ராம்நாத் என்று இன்றும் பலர் எழுதுகிறார்கள். அந்தக் காட்சி படமாக்கப்படும் முன்பே, 1947 ஆகஸ்டில், அவர் ஜெமினியை விட்டு விலகிவிட்டார். செய்யாத வேலைக்கு அவர் பெயரைச் சொல்பவர்கள், எழுதியும் ஒளியமைத்தும் அவர் செய்த வேலையை மறந்துவிடுகிறார்கள். வருத்தம் அதுதான்.

இயக்குநராக அவருக்கு நிலைத்த பெயர் தந்தவை கோயம்புத்தூரில் உருவான இரண்டு படங்கள். விக்தோர் ஹியூகோவின் நாவலைச் சுத்தானந்த பாரதியார் ‘ஏழை படும் பாடு’ என்று தமிழாக்கியிருந்தார். அதே பெயரில் பட்சிராஜா நிறுவனம் 1950இல் எடுத்த படத்தில் நாகையா கதாநாயகன். ஜாவர் என்ற போலீஸ் அதிகாரியாக வந்த சீதாராமன் அன்று முதல் ‘ஜாவர் சீதாராமன்’ ஆனார். ஜூபிடர் நிறுவனத்தின் ‘மர்மயோகி’ (1951) எம்.ஜி.ஆருக்குப் பெரும் வெற்றி. அதில் செருகளத்தூர் சாமா ஆவியைப் போல வரும் காட்சிகளுக்காகத் தணிக்கைக் குழு ‘ஏ’ சான்றிதழ் கொடுத்தது. அதைப் பெற்ற முதல் தமிழ்ப் படம் அதுதான். பயத்தை வசனத்தால் மட்டுமல்லாமல் நிழலாலும் உண்டாக்கத் தெரிந்தவர் ஒளிப்பதிவாளராயிருந்த இந்த இயக்குநர்.

‘தாய் உள்ளம்’ (1952) படத்தில் ஆர்.எஸ். மனோகர் கதாநாயகன், ஜெமினி கணேசன் வில்லன்! பிற்காலத்தில் இருவரும் இடம் மாறிக்கொண்டதை அறிந்தவர்களுக்கு இன்று வியப்பாயிருக்கும். பின்னர் ‘மனிதன்’ (1953), ‘விடுதலை’ (1954) முதலிய படங்களை இயக்கினார்.

1956இல் ராம்நாத் காலமானபோது அவருக்கு வயது 44ஐத் தாண்டியிருக்கவில்லை.