பாலை எவ்வாறு பிறக்கிறது?

பாலையை இளங்கோவடிகள் தனி நிலமாகக் கொள்ளவில்லை. முல்லையும் குறிஞ்சியும் வெம்மையால் இயல்பு கெட்டுப் பாலையாகின்றன என்பதே சிலப்பதிகாரம் உணர்த்தும் உண்மை.

அத்தகைய நிலத்தின் விளிம்பில் வாழ்வோர் பருவத்தோடு இடம்பெயர்ந்தே உயிர் தரிக்கின்றனர். குஜராத்தின் கட்ச் உப்புப் பாலையில் பருவமழை நீர் தேங்கியதும் பூநாரைகள் பெருங்கூட்டமாகக் கூடி, சேற்றால் கூடு கட்டிக் குஞ்சு பொரிக்கின்றன. நீர் வற்றியதும் அகன்றுவிடுகின்றன. அங்குள்ள ரபாரி இடையர்கள் ஆடுகளையும் ஒட்டகங்களையும் ஓட்டிக்கொண்டு மேய்ச்சல் தேடிச் சென்று, மழை தொடங்கும்போது ஊர் திரும்புவது வழக்கம். பறவைக்கும் மனிதருக்கும் பஞ்சாங்கம் ஒன்றே.

நம் வடசென்னையின் எல்லையிலும் இத்தகைய வாழ்வு உண்டு. பனிக்காலத்தில் பூநாரைகள் பழவேற்காட்டு ஏரிக்கு வருகின்றன. அதற்குத் தெற்கே, கொசஸ்தலை ஆறு கடலை அணுகும் தாழ்நிலத்தில், மணலியை அடுத்த சடையங்குப்பத்தில் இருளர் குடும்பங்கள் வாழ்கின்றன. இருளரின் முன்னோர் ஓரிடத்தில் நிலைத்தவரல்லர். முதல் மழையில் ஈசல், அறுவடைக்குப் பின் எலிவளையில் நெல் எனப் பருவமே அவர்களுக்கு உணவளித்தது. பாம்புத் தோலும் பிழைப்பாயிருந்தது. 1972ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் அவ்வாணிகத்தைத் தடுத்தது. 1978இல் இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் தோன்றி, அதே கைத்திறனை நச்சுமுறி மருந்துக்கு நஞ்சு எடுத்தளிக்கும் தொழிலாக மாற்றிற்று. கழிமுகத்தை அண்டியவர்களோ வலையுமின்றி, சேற்றைக் கையால் தடவி இறால் பிடித்து வந்தனர்.

1960களின் பிற்பகுதி முதல் மணலியில் ஆலைகள் பெருகின. 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயலின் வெள்ளத்தோடு எண்ணெய் கலந்து, எண்ணூர்க் கழிமுகமெங்கும் படர்ந்தது. கூழைக்கடாக்களின் சிறகுகள் கறுத்தன. இறால் தேடிச் சேற்றைத் தடவிய கைகளுக்கு எண்ணெய்ப் பிசுக்கே கிட்டியது.

வறட்சி வந்தால் மழை வரும்வரை வேறிடம் செல்லலாம். அது முன்னோர் கற்றுத்தந்த அறிவு. எண்ணெய் படிந்த சேற்றில் நின்று எந்தப் பருவத்திற்காகக் காத்திருப்பது? முல்லையையும் குறிஞ்சியையும் பாலையாக்கிய ஞாயிறு, மழைக்காலம் வந்ததும் அவற்றைத் திருப்பித் தந்துவிடும். நெய்தலைப் பாலையாக்கியவர்களோ மனிதர்கள். அந்த எண்ணெயால் ஓடும் ஊர்திகளில் நாள்தோறும் செல்லும் நாம், இதில் நமக்குப் பங்கில்லை என்று சொல்ல இயலுமா? கெடுத்த நிலத்தைத் திருப்பித் தரும் கடமையும் நம்முடையதே.