கோணல் வயலும் நாலு கட்டமும்

நாமக்கல் மாவட்டத்துக் கொல்லிமலைக்கு 70 கொண்டை ஊசி வளைவு ஏறிப் போனவர்களுக்குத் தெரியும், அங்கே பள்ளத்தாக்கில் படிப்படியாக இறங்கும் நெல்வயல்களில் நேரான வரப்பைத் தேடணும். மேல் வரப்பு நீளம், கீழ் வரப்பு குட்டை. இதை எப்படி அளப்பது?

ஒரு கோல் நீளம், ஒரு கோல் அகலம் இருந்தால் ஒரு குழி. இதுதான் நம்ம பழைய நில அளவு. எண்சுவடியில் ஓர் எண்ணை அதே எண்ணால் பெருக்கும் வாய்பாட்டுக்குக் குழிமாற்று என்றே பெயர். பெருக்கல் என்றாலே நிலம்! ஆனால் இதெல்லாம் செவ்வகத்துக்குச் சரி. கோணல் வயலுக்கு?

பழைய உலகம் முழுக்க ஒரு குறுக்குவழி இருந்தது. எதிரெதிர்ப் பக்கங்களின் சராசரி இரண்டையும் பெருக்கிவிடு. எகிப்தில் எட்ஃபு கோயில் சுவரில் கொடை நிலங்களை இப்படித்தான் கணக்கிட்டிருக்கிறார்கள் (முக்கோணம் வந்தால் நாலாவது பக்கம் 'ஒன்றுமில்லை'!). 628-இல் பிரம்மகுப்தரும் இதைச் சொல்கிறார், ஆனால் 'ஸ்தூலம்', அதாவது பருமட்டு என்று முத்திரை குத்திவிட்டு.

பருமட்டு என்றால் சில சமயம் கூடும், சில சமயம் குறையும் என்றுதானே நினைப்போம்? பள்ளிக்கூடக் கட்டப் பெருக்கலைப் போட்டுப் பாருங்க. வயலைச் சுற்றி வரும் பக்கங்கள் வரிசையாக அ, ஆ, இ, ஈ. ஒரு செவ்வகம் வரைந்து நீளத்தை அ, இ என்றும் அகலத்தை ஆ, ஈ என்றும் பிரித்தால் நாலு கட்டம்: அ×ஆ, அ×ஈ, இ×ஆ, இ×ஈ. குறுக்குவழி தருவது இவற்றின் கூட்டுத்தொகையில் கால்வாசி.

இப்போ வயலை ஒரு மூலைவிட்டத்தால் வெட்டுங்க. இரண்டு முக்கோணம். பக்கங்கள் அ, ஆ உள்ள முக்கோணம் அ×ஆ-வில் பாதியைத் தாண்டவே முடியாது. செங்கோணமாக இருந்தால் மட்டும் சரியாகப் பாதி. மற்ற முக்கோணத்துக்கு இ×ஈ-யில் பாதி. அடுத்த மூலைவிட்டத்தால் வெட்டினால் மீதி இரண்டு கட்டங்கள் வரும். இரண்டு வெட்டையும் சராசரி எடுத்தால், உண்மைப் பரப்பு நாலு கட்டத்தின் கால்வாசியைத் தாண்டாது. ஆக, இந்த விதி ஒருபோதும் குறைத்துச் சொல்லாது. மூலைகள் நாலும் செங்கோணமாக இல்லாவிட்டால் கூட்டித்தான் சொல்லும். பரப்புக்கு வரி என்றால் நட்டம் எப்பவும் உழவருக்கே.

எவ்வளவு நட்டம்? மேல் வரப்பு 20 கோல், அதற்கு இணையாகக் கீழ் வரப்பு 8, சரிவான பக்கங்கள் 10, 10. விதிப்படி 14×10 = 140 குழி. உண்மையில் உயரம் 8, பரப்பு 14×8 = 112. இல்லாத 28 குழிக்கும் வரி! சோழர் கல்வெட்டுகளில் நிலத்தை முந்திரி (1/320), கீழ்முந்திரி (அதில் 1/320) வரை நறுக்கி எழுதியிருப்பதைப் பார்த்து வியக்கிறோம். அளக்கும் விதி பருமட்டாக இருந்தால் அந்த நுணுக்கத்தால் யாருக்கு என்ன லாபம்?

பிரம்மகுப்தர் அதே சூத்திரத்தில் நுட்பமான வழியையும் தருகிறார். சுற்றளவில் பாதி 24. அதிலிருந்து ஒவ்வொரு பக்கத்தையும் கழித்தால் 4, 14, 16, 14. பெருக்கினால் 12544, வர்க்கமூலம் 112. அச்சு அசலாக! நாலு மூலையும் ஒரே வட்டத்தில் அமையும் வயலுக்குத்தான் இது பொருந்தும்; நம்ம உதாரணம் அப்படிப்பட்டது.

வட்டத்தில் அமையாத வயலுக்கு மூலைவிட்டத்தையும் அளந்தே ஆகணும். உங்க ஊர் நிலத்தின் எஃப்எம்பி வரைபடம் கையில் இருந்தால் எடுத்துப் பாருங்க. புலத்துக்கு நடுவே ஓடும் கோடுகளும், அவற்றிலிருந்து வரப்பின் வளைவுகளுக்குச் செங்குத்தாக எடுத்த அளவுகளும் இதற்காகத்தான்.