பாலையாவும் இரண்டு எஸ்டேட்டுகளும்

'காதலிக்க நேரமில்லை' படத்தில் நாகேஷ் பேய்க்கதை சொல்லும் காட்சியை நாம் எத்தனை தரம் பார்த்திருப்போம்! பேசுவதெல்லாம் நாகேஷ்தான். ஆனா, நம்ம கண் டி. எஸ். பாலையாவின் முகத்தை விட்டு நகராது. சும்மா கதை கேட்பதையே நடிப்பாக்கிய மனுசன் அவர்.

பாலையா நாடக மேடையிலிருந்து சினிமாவுக்கு வந்தவர். முதல் படம் 1936இல் வந்த 'சதி லீலாவதி'. எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய அந்தப் படத்தில்தான் மலைநாட்டில் பிறந்த எம்.ஜி.ஆரும் அறிமுகமானார். பாலையா வில்லன். அவருடைய சூழ்ச்சியில் சிக்கிய கதாநாயகன் இலங்கைக்குத் தப்பி வந்து, தேயிலைத் தோட்டத்தில் கூலியாகிறான். பிறகு பணக்காரனாகி ஊர் திரும்புகிறான். அதாவது, தோட்டம் அவனுக்குக் கொஞ்ச நாள் தண்டனை. அங்கேயே பிறந்து, பிரட்டுக்கு நின்று, கொழுந்து பறித்து, அங்கேயே புதைந்தவர்களுக்கு அந்தக் கதையில் வேலை இல்லை.

28 வருசம் கழித்து, 1964இல், ஸ்ரீதரின் 'காதலிக்க நேரமில்லை'. இப்போது பாலையாதான் எஸ்டேட் முதலாளி விஸ்வநாதன். வேலையிலிருந்து நிறுத்தப்பட்ட அசோக் அவர் வீட்டு முன்னாலேயே கூடாரம் போட்டுப் போராடுகிறான். அவன் கோடீஸ்வரன் வீட்டுப் பிள்ளை என்று நம்ப வைத்ததும் பாலையாவைப் பாருங்கள்: குரல் குழைகிறது, உடம்பு வளைகிறது, துரத்தினவனுக்கே மரியாதை. முதலாளியின் மரியாதை எதற்கு, யாருக்கு என்பதை இவ்வளவு சுருக்கமா யார் காட்டினார்கள்? துரையைக் கண்டால் ஒதுங்கி நின்ற சனத்துக்கு, முதலாளி ஒருவரைப் பார்த்துச் சிரிக்கக் கிடைத்தது சின்ன விசயமில்லை.

ஆனால் அதே 1964 அக்டோபரில் சிறிமா – சாஸ்திரி ஒப்பந்தம். 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இங்கே, மீதி 1,50,000 பேரைப் பிறகு பார்க்கலாம் என்று இரண்டு அரசுகளும் நம்மைப் பங்கு போட்டன. 1948இலேயே குடியுரிமை பறிக்கப்பட்ட நம் ஆட்களிடம் யாரும் கருத்துக் கேட்கவில்லை. படத்தில் அசோக்குக்குக் கடைசியில் கல்யாணமே நடந்தது. இங்கே குடும்பங்கள் இரண்டாகப் பிரிந்து கப்பல் ஏறின.

தோட்டத் தொழிலாளியை நடுவில் வைத்த 'புதிய காற்று' 1975இல்தான் வந்தது. அதைத் தயாரித்து நடித்தவர் தொழிற்சங்கவாதி வி.பி. கணேசன்.

பாலையா 1972இல் மறைந்தார். 'திருவிளையாடல்' ஹேமநாத பாகவதராக, 'தில்லானா மோகனாம்பாள்' தவில் வித்துவானாக, கதாநாயகன் இல்லாமலே ஒரு காட்சியை நிமிர்த்தி நிறுத்தியவர் அவர். துணைப் பாத்திரத்துக்கும் ஒரு பெயரும், ஒரு குரலும், ஒரு முழு வாழ்க்கையும் உண்டு என்று காட்டினார். தமிழ் சினிமாவில் தோட்டத்து ஆட்களுக்கு அந்தத் துணைப் பாத்திரம்கூடச் சும்மா கிடைக்கவில்லை. அதனால்தான், இனி எஸ்டேட் வருகிற எந்தப் படத்தைப் பார்த்தாலும், பின்னால் கூடையோடு நடந்து போகிறவர்களுக்கு இயக்குநர் ஒரு பெயராவது வைத்திருக்கிறாரா என்று தேடுகிறோம்.