முஹ்யித்தீன்: பட்டம் பெயரான வரலாறு

முகைதீன், மொகிதீன், மொய்தீன், மைதீன் எனத் தமிழகத்திலும் இலங்கையிலும் பல வடிவங்களில் வழங்கும் பெயருக்கு மூலம் 'முஹ்யித்தீன்' என்ற அரபுத் தொடர். முஹ்யீ என்றால் உயிரூட்டுபவர்; தீன் என்றால் மார்க்கம். உயிர்வாழ்வைக் குறிக்கும் ஹயாத் என்ற சொல்லும் அதே வேரில் பிறந்தது; யஹ்யா என்ற பெயரையும் அந்த வேரோடு இணைத்துச் சொல்வதுண்டு. அல்-முஹ்யீ என்பது இறைவனின் திருநாமங்களுள் ஒன்று. இவ்வளவு கனமான சொல், தொடக்கத்தில் தொட்டில் குழந்தைக்கு இடும் பெயராக இருக்கவில்லை.

பழைய அரபு வழக்கில் ஒருவரின் பெயருக்குப் பல உறுப்புகள் உண்டு. பிறந்தவுடன் இடுவது இஸ்ம். இன்னாரின் தந்தை என்று சுட்டுவது குன்யா. ஊரையோ குலத்தையோ காட்டுவது நிஸ்பா. பிறர் சூட்டும் சிறப்புப் பட்டம் லகப். முஹ்யித்தீன் இந்தக் கடைசி வகையைச் சேர்ந்தது.

பட்டம் வழங்குவது அப்பாசிய கலீபாக்களின் கையில் இருந்த ஓர் அரசியல் கருவி. படைபலம் குன்றிய பத்தாம் நூற்றாண்டில் அவர்களிடம் எஞ்சியிருந்த செல்வங்களுள் அதுவும் ஒன்று. 942இல் ஹம்தானிய சகோதரர் இருவருக்கு நாஸிருத் தவ்லா, ஸைஃபுத் தவ்லா என்ற பட்டங்கள் கிடைத்தன. 945இல் பாக்தாதைக் கைப்பற்றிய புவைஹிய சகோதரர்களும் இத்தகைய பட்டங்களைப் பெற்றனர். 'தவ்லா' என்றால் அரசு. ஆள்வோர் பெருகப் பெருக அந்தச் சொல் மலிந்தது. 'தீன்' என முடியும் பட்டங்கள் மேலெழுந்தன. செல்ஜூக் அமைச்சர் நிஜாமுல் முல்க் (இறப்பு 1092) தம் 'சியாசத் நாமா'வில் பட்டங்களுக்கென ஒரு தனி அத்தியாயமே ஒதுக்கி, அளவின்றி வாரி வழங்கினால் அவற்றின் மதிப்பு கெடும் என்று வருந்துகிறார். அந்த வருத்தத்தால் எதுவும் மாறவில்லை. அடுத்த நூற்றாண்டில் யூசுப் என்ற இயற்பெயர் கொண்டவரை உலகம் ஸலாஹுத்தீன் என்றே அறிந்தது.

எகிப்தையும் சிரியாவையும் ஆண்ட மம்லூக்குகளின் காலத்தில் இது ஏறக்குறைய வாய்பாடாகிவிட்டது. முஹம்மது என்றால் ஷம்சுத்தீன், அஹ்மத் என்றால் ஷிஹாபுத்தீன், யஹ்யா என்றால் முஹ்யித்தீன் எனப் பெயரைத் தொடர்ந்து பட்டமும் தானாக வந்து ஒட்டிக்கொண்டது. சாதனைக்கு அடையாளமாக இருந்தது சம்பிரதாயமாயிற்று. இந்த வரலாற்றின் திருப்புமுனை இதுதான் என்பது என் கருத்து. அரசவையின் ஆணை இன்றியே சூட்டலாம் என்றான பிறகுதான் பட்டம் சாதாரண வீடுகளுக்குள் நுழைய முடிந்தது.

மனம் ஒப்பாதவர்களும் இருந்தனர். சிரியாவின் நவா ஊரில் பிறந்த இமாம் நவவீ (1233–1277), யஹ்யா என்ற இயற்பெயர் உடையவர். ஷாஃபி சட்டமரபின் பேரறிஞர். தம்மை முஹ்யித்தீன் என்று அழைப்பதை அவர் வெறுத்ததாக அவரது வரலாற்றை எழுதியோர் பதிவு செய்கின்றனர். மார்க்கத்துக்கு உயிரூட்டியதாகச் சொல்லிக்கொள்ள எந்த மனிதருக்குத் தகுதி உண்டு என்ற அச்சம் அது. தமிழ் முஸ்லிம்களில் பலர் பின்பற்றுவதும் அதே ஷாஃபி மரபுதான். ஆயினும் அந்தப் பெயரை அவர்கள் நெஞ்சோடு அணைத்துக்கொண்டார்கள்.

காரணம், அப்துல் காதிர் ஜீலானி (இறப்பு 1166). கஸ்பியன் கடலை ஒட்டிய ஜீலானில் பிறந்து பாக்தாதில் போதித்த இந்த ஞானியே காதிரிய்யா என்னும் சூஃபி நெறியின் மூலவர். வழியில் நலிந்து கிடந்த ஒருவரை ஜீலானி தூக்கி நிறுத்த, அந்த மனிதர் பொலிவு பெற்று, 'நான்தான் உங்கள் மார்க்கம்' என்று சொன்னதாகவும், அதனால் ஜீலானிக்கு முஹ்யித்தீன் என்ற பட்டம் வந்ததாகவும் ஒரு கதை வழங்குகிறது. காதிரிய்யா நெறி சென்ற இடமெல்லாம் பெயரும் சென்றது. அல்ஜீரியாவின் அமீர் அப்துல் காதிருடைய (1808–1883) தந்தை பெயர் முஹ்யித்தீன். அவரும் காதிரிய்யா நெறித் தலைவரே. கோழிக்கோட்டில் காழி முஹம்மது 1607இல் அரபு மலையாளத்தில் 'முஹ்யித்தீன் மாலை' பாடினார். தமிழில் குணங்குடி மஸ்தான் சாகிபு முகியித்தீன் சதகம் பாடினார். அவருடைய இயற்பெயர் சுல்தான் அப்துல் காதிர். இலங்கையில் பலாங்கொடைக்கு அருகிலுள்ள தப்தர் ஜீலானியில் அப்துல் காதிர் ஜீலானி தவமிருந்ததாக மக்கள் நம்புகின்றனர்.

ஆக, தமிழ் வீடுகளில் இப்பெயர் தகுதியை அறிவிக்கும் பட்டமாக இல்லை. அது ஒரு மகானின் பெயர். பிள்ளையை அவருடைய பொறுப்பில் விடுவதற்கான வழி. நவவீயின் அச்சம் இங்கே எழாமல் போனதற்கு அதுவே காரணம் எனலாம். சான்று பெயர்களிலேயே இருக்கிறது. 'காதர் மைதீன்' என்பதில் ஜீலானியின் இயற்பெயரும் பட்டமும் ஒருசேர நிற்கின்றன. 'மைதீன் பிச்சை' என்பது அவரிடம் வேண்டிப் பெற்ற பிள்ளை என்று சொல்கிறது. அதன் பின்பாதி, நேர்ந்து பெற்ற பிள்ளைக்குத் தமிழர் எல்லாச் சமயத்திலும் இடும் பெயர். தென்மாவட்டங்களில் வழங்கும் 'மைதீன் பாத்து', 'மைதீன் பீவி' ஆகியவை இன்னும் வலுவான சான்று. அரபு இலக்கணப்படி முஹ்யீ ஆண்பால். பொருளை நோக்கி இட்டிருந்தால் அது பெண்குழந்தைக்குப் பொருந்தாது. மகானை நோக்கி இட்டதால் பொருந்துகிறது.