ஏ. கே. செட்டியாரும் காந்தியடிகள் படமும்

செல்வம் தேடுவார் பலர். தேடியதைக் காப்பார் சிலர். பொருட்செல்வத்துக்கு மட்டுமன்று, வரலாறென்னும் செல்வத்துக்கும் இவ்வுரை பொருந்தும். இதற்குக் கோட்டையூர் ஏ. கே. செட்டியாரவர்களின் வாழ்க்கையே தக்க சான்றாம்.

1911-இல் பிறந்த இவர், இளமையில் இரங்கூன் சென்று 'தனவணிகன்' பத்திரிகையை நடத்தினார். கொண்டுவிற்கக் கடல் கடந்தார் பலரிருக்க, இவரோ கலை கற்கக் கடல் கடந்தார். டோக்கியோவிலும் பின்னர் நியூயார்க்கிலும் புகைப்படக் கலையை முறையாகப் பயின்றார். ஒளியும் நிழலும் அறிந்த அக்கண்ணே பிற்காலத்தில் இவருக்கு முதலாயிற்று.

1937-ஆம் ஆண்டு அக்டோபர் 2-ஆம் நாள், நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குச் செல்லும் கப்பலில் இருந்தார். அன்று காந்தியடிகளின் பிறந்தநாள். அடிகளின் வாழ்க்கையை உண்மைக் காட்சிகளைக் கொண்டே படமாக்க வேண்டும் என்னும் எண்ணம் அப்போது உதித்தது. இருபத்தாறு வயதும் நிரம்பாத இளைஞர். பெரும் பொருளோ படக்கம்பெனியோ கைவசமில்லை.

இப்பணியின் அருமையை நேயர்கள் சற்றே எண்ணிப் பார்த்தல் வேண்டும். கதைப்படம் எடுப்போர்க்கு வேடதாரியும் கொட்டகையும் போதும். நடந்து முடிந்த நிகழ்ச்சியையோ மீண்டும் நடத்திக் காட்டல் இயலாது; அன்று அதனைப் படம் பிடித்தவரைத் தேடிச் சென்றே பெறல் வேண்டும். அத்தகைய துண்டுப் படங்கள் பல நாடுகளில் சிதறிக் கிடந்தன. நான்கு கண்டங்களில் ஏறத்தாழ ஒரு லட்சம் கிலோமீட்டர் பயணஞ் செய்து, முப்பதாண்டுக் காலத்தில் நூறு படப்பிடிப்பாளர் வரையில் எடுத்த சுமார் 50,000 அடிப் படச்சுருளை அவர் திரட்டினார். பேசும்பட வேகத்தில் ஓட்டினால் ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஓடும் அளவு இது. அதனை ஆய்ந்து நான்கிலொரு பங்காக, 12,000 அடியாக, இரண்டேகால் மணிக்குள் அடங்கும் படமாகச் செய்தார். திரட்டுதற்கு ஊக்கம் வேண்டும். கழித்தற்கோ துணிவும் வேண்டும். செட்டியாரிடத்தில் இரண்டும் இருந்தன.

1940 ஆகஸ்டில் தமிழ் விளக்கத்துடன் சென்னையில் படம் வெளிவந்தது, தெலுங்கிலும் ஆக்கப்பட்டது. அதுவோ போர்க்காலம். 1939 இறுதியில் காங்கிரஸ் மந்திரிசபை விலகியமையால் சென்னை மாகாணம் கவர்னர் ஆட்சியின்கீழ் இருந்தது. இத்தகைய படத்தைக் காட்டுதலும் காத்தலும் அந்நாளில் எளியனவல்ல. விடுதலைக்குப்பின் இந்தி விளக்கத்துடனும், 1953-இல் அமெரிக்காவில் ஆங்கிலத்திலும் அப்படம் வெளிவந்தது.

செட்டியாரவர்கள் 1943 முதல் 'குமரி மலர்' நடத்திப் பழைய எழுத்துக்களைத் தேடிப் பதிப்பித்து, 1983-இல் மறைந்தார். படம் திரட்டிய கையே ஏடும் திரட்டிற்று. எனினும் தம் பெயரை அவர் முன்னிறுத்தியதில்லை.

இனிச் சொல்லவேண்டியது வருத்தந் தருவதாகும். உலகெங்கும் சிதறியவற்றை ஒருவர் தனித்து நின்று ஒன்றுசேர்த்தார். அவர் சேர்த்ததை நாம் மீண்டும் சிதறவிட்டோம். ஆராய்ச்சியாளர் தேடியபோது அவர்களுக்குக் கிட்டியது அமெரிக்காவில் இருந்த ஆங்கில வடிவமே. தமிழில் பிறந்த படத்தைத் தமிழர் காக்கவில்லை.

அதே கோட்டையூரில் ரோஜா முத்தையா செட்டியார் பழைய நூல்களையும் இதழ்களையும் வாழ்நாளெல்லாம் தொகுத்தார். அவை 1994-இல் சென்னையில் ஆராய்ச்சி நூலகமாக உருப்பெற்று இன்றும் பயன்படுகின்றன. ஓரூரார் இருவர், இருவரும் திரட்டினர். ஒருவர் திரட்டியதற்கு ஓர் இல்லம் வாய்த்தது. மற்றவர் படத்துக்கு வாய்க்கவில்லை. வேறுபாடு இவ்வளவே.

ஆதலின் அன்பர்கள் தத்தம் வீட்டுப் பரண்களையும் பெட்டகங்களையும் ஒருமுறை திறந்து பார்ப்பார்களாக. தகரப் பெட்டியில் பழைய படச்சுருள் கிடைப்பின் அதனைக் குப்பையில் எறியற்க. அக்காலச் சுருள் எளிதில் தீப்பற்றுமாகையால் விளக்கருகே பிரிக்கவும் வேண்டா. அறிந்தவரிடமோ நூலகத்திலோ ஒப்படைத்தலே முறை. தேடியவரைப் புகழ்வது எளிது; அவர் தேடியதைக் காப்பதே அவருக்கு நாம் செய்யும் கைம்மாறாகும்.